துபாஷி

விளையாட்டைப் பற்றி, அதிலும் கைத்தொலைபேசி விளையாட்டைப் பற்றி, இத்தகைய ஏடொன்றில் எழுத என்ன இருக்கிறது என்று நண்பர் ஒருவர் வினவினார். சம்பளமும் காணியும் வீடும் தீராத பிரச்சினைகளாய் நிற்கையில் விளையாட்டா என்பது அவர் வினாவின் உட்கிடை. நியாயமான வினாவே. எனினும் தோட்டத்துப் பிள்ளையின் விளையாட்டைப் பற்றி வாய் திறப்போர் அனைவரும் அவன் விளையாடக் கூடாதென்று சொல்லவே வாய் திறக்கின்றனர். அந்த விளையாட்டு அவன் கைக்கு எவ்வாறு வந்து சேர்ந்தது, அதன் பின்னே எவருடைய உழைப்பு இருக்கிறது, அதனால் அவன் எதைக் கற்றுக்கொள்கிறான் என்று கேட்டவரை நான் இன்னும் காணவில்லை.

நான் கணிதம் கற்பிக்கும் பாடசாலை அரநாயக்கப் பிரதேசத்தில், தோட்டமொன்றின் எல்லையில் உள்ளது. அரநாயக்க என்னும் பெயரை நாட்டின் பிற பகுதியார் பலர் 2016 மே 17ஆம் திகதிக்குப் பின்னரே அறிந்தனர். அன்று சாமசர மலை சரிந்து சிரிபுர, பல்லேபாகே, எலங்கபிட்டிய ஆகிய கிராமங்களின் மேல் விழுந்தது. நூற்றுக்கும் அதிகமானோர் மாண்டும் காணாமலும் போயினர். அதே நாளில், இதே கேகாலை மாவட்டத்துப் புலத்கொஹுபிட்டியவில் தோட்ட லயன்களின் மேலும் மண் விழுந்து உயிர் குடித்தது. நுவரெலியாவைப் போலத் தமிழ்த் தொழிலாளர் திரண்டு வாழும் மலைநாடன்று இது. சிங்களக் கிராமங்களுக்கு நடுவே, தேயிலையும் இறப்பரும் கலந்து கிடக்கும் சிறு சிறு தோட்டங்களில், நாலு லயன் இங்கும் ஆறு லயன் அங்குமாகத் தமிழர் சிதறிக் கிடக்கின்றனர். கடை, கந்தோர், பஸ், பொலிஸ், ஆஸ்பத்திரி அனைத்தும் சிங்களத்தில் நடக்கின்றன. இதை வாசகர் மனத்தில் இருத்திக்கொள்ள வேண்டும். நான் சொல்லப்போகும் செய்திக்கு இது வேண்டியிருக்கும்.

லயன் காம்பராக்களுக்குத் தொடுதிரைத் தொலைபேசி பரவலாக வந்தது விளையாட்டுக்காக அன்று. 2020 மார்ச் மாதத்தில் பாடசாலைகள் மூடப்பட்டு, பாடங்கள் வாட்ஸ்அப்பில் வரத் தொடங்கியபோது, கொழுந்து பறிக்கும் தாய்மார் காதுத் தோட்டை அடகு வைத்தும் சீட்டுப் பணத்தை முற்கூட்டி எடுத்தும் அதை வாங்கினர். சிக்னலைத் தேடிப் பிள்ளைகள் கற்பாறையிலும் மரத்திலும் ஏறிய கதையை நாடறியும். அடுத்து வந்த 2022ஆம் ஆண்டின் நெருக்கடியில் டொலர் ஒன்றின் விலை 200 ரூபாவிலிருந்து 360 ரூபா வரை ஏறிற்று. உடைந்த தொலைபேசிக்குப் பதிலாக இன்னொன்று வாங்குவது பலருக்கு எட்டாக் கனியாயிற்று. ஆகவே இன்றும் எங்கள் மாணவர் பலரின் வீட்டில் இருப்பது அந்தப் பழைய, கண்ணாடி வெடித்த, மின்கலம் வீங்கிய தொலைபேசியே.

அத்தகைய ஒன்றோடுதான் பத்தாம் வகுப்பு மாணவன் ஒருவன் பாடசாலை விட்ட பின்னர் என்னிடம் வந்தான். கொழும்பில் கடையொன்றில் வேலை செய்யும் மாமன் வீட்டுக்கு விடுமுறையில் போனபோது, அடுத்த வீட்டில் பிளேஸ்டேஷன் என்னும் விளையாட்டுப் பெட்டியைக் கண்டிருக்கிறான். “எமுலேட்டர் போட்டா இந்தப் போன்லயே அத விளையாடலாமாம் சேர். போட்டுட்டேன். ஆனா இழுத்து இழுத்து ஓடுது” என்றான்.

அந்தப் பெட்டியின் விலையை ஒரு கணக்காகவே வகுப்பில் கொடுக்கலாம். 2020இல் வெளிவந்த ஐந்தாவது பிளேஸ்டேஷனின் தொடக்க விலை அமெரிக்காவில் 499 டொலர். டொலர் 300 ரூபா என்று கொண்டால் ஏறக்குறைய 150,000 ரூபா. 2024 செப்டெம்பரில் தோட்டத் தொழிலாளியின் நாட்சம்பளம் 1350 ரூபா என நிர்ணயிக்கப்பட்டது. உண்ணாமல் உடுக்காமல், சேமலாப நிதிக்குக் கழிக்காமல் ஏறக்குறைய 111 நாள் பிரட்டுக்குப் போனால் ஒரு பெட்டி வாங்கலாம்; வரியும் வியாபாரியின் இலாபமும் புறம்பு. எனவே எங்கள் பையன் விரும்பியது ஐந்தாவது பெட்டியை அன்று. 1994 டிசெம்பரில் ஜப்பானில் விற்பனைக்கு வந்த முதலாவது பெட்டியை, அதையும் பெட்டியாக அன்று, அதன் ஆவியாக.

எமுலேட்டர் என்பது அந்த ஆவிதான். பழைய இயந்திரம் ஒன்றைப் புதிய இயந்திரத்தினுள், இரும்பும் செம்பும் இல்லாமல், நிரல் வரிகளால் மட்டும் கட்டி எழுப்புவது. தமிழில் இதைப் ‘போலிப்பொறி’ என்று சிலர் சொல்லக் கேட்டிருக்கிறேன். அந்தச் சொல்லில் எனக்கு உடன்பாடு இல்லை. போலி என்பது ஏமாற்றுவது. இது ஏமாற்றவில்லை. இது செய்யும் வேலைக்கு நம் மொழியில் வேறொரு பழைய சொல் உண்டு.

பிளேஸ்டேஷனின் விளையாட்டுத் தட்டில் எழுதப்பட்டிருக்கும் கட்டளைகள் அந்தப் பெட்டியின் மூளைச் சில்லுக்கு மட்டும் விளங்கும் பாஷையில் உள்ளவை. கைத்தொலைபேசியின் சில்லு வேறு பாஷை பேசுவது. ஒன்றின் பேச்சு மற்றதற்கு வெறும் இரைச்சல். இருவருக்கும் நடுவே ஒருவன் நின்று, அவன் சொல்வதை இவனுக்கும் இவன் செய்ததை அவனுக்கும் எடுத்துரைக்க வேண்டும். கம்பெனி ஆட்சிக் காலத்தில் இத்தகையவனைத் துபாஷி என்றனர். புதுச்சேரியில் துய்ப்ளேயிடம் ஆனந்தரங்கப் பிள்ளை பார்த்த உத்தியோகம் அது. எங்கள் தோட்டங்களில் வெள்ளைத் துரைமார் உடைந்த தமிழில் சில நூறு சொற்களைப் பழகிக்கொண்டு, மிகுதியைக் கங்காணியின் வாய்க்கு விட்டனர். கங்காணி எதைச் சொன்னான், எதை விழுங்கினான் என்பது வேறு கதை.

பையனின் தொலைபேசியில் ரெட்ரோஆர்க் என்னும் செயலி இருந்தது. கட்டணமும் விளம்பரமும் இல்லாதது. உலகெங்கும் உள்ள நிரலாளர் பலர் கூலியின்றி எழுதியது. அது ஒரு சத்திரம் போன்றது. அதனுள் பழைய இயந்திரம் ஒவ்வொன்றுக்கும் ஒவ்வொரு துபாஷி தங்கியிருக்கிறான். ‘கோர்’ என்று அவனைக் கூறுவர். நமக்கு வேண்டிய இயந்திரத்தின் கோரை இறக்கிக்கொண்டு, விளையாட்டின் கோப்பு எந்த உறையில் இருக்கிறதென்று காட்ட வேண்டும். பிளேஸ்டேஷனுக்கு மேலும் ஒரு சிக்கல். பெட்டி விழித்தெழும்போது முதலில் ஓதும் பாடம் ஒன்று அதனுள் பொறிக்கப்பட்டிருக்கும். பயோஸ் என்பது அதன் பெயர். 512 கிலோபைட் அளவுள்ளது. சோனி நிறுவனத்தின் சொத்து. அதை நகலெடுக்காமல், அது செய்வதை நோக்கி அதற்கு ஈடாக வேறொன்றைத் தாமே எழுதி இணைத்திருக்கின்றனர் ஒரு கோரின் ஆசிரியர்கள். எல்லா விளையாட்டுக்கும் அது பொருந்தாது, பலவற்றுக்குப் பொருந்தும்.

இவ்வளவையும் பையன் தானாகவே செய்திருந்தான். ஆங்கிலத்தில் உள்ள அந்தத் தெரிவுப் பட்டியல்களை எவ்வாறு வாசித்தான் என்று கேட்டேன். வாசிக்கவில்லையாம், ஒவ்வொன்றையும் மாற்றிப் பார்த்து, கெட்டுப்போனதைத் திரும்பப் பழையபடி வைத்திருக்கிறான். அவ்வாறு மாற்றியதில் ஒன்றைத் திரும்ப வைக்க மறந்துவிட்டான். அதுவே இழுவைக்குக் காரணம். மோட்டார்ப் பந்தய விளையாட்டு ஒன்று திரையில் நத்தையாய் ஊர்ந்தது; இசையோ கிணற்றுக்குள்ளிருந்து பேசுவது போல் விட்டுவிட்டு ஒலித்தது.

துபாஷிகளில் இரண்டு விதம் உண்டு என்று அவனுக்குச் சொன்னேன். ஒருவன் எசமான் சொல்லும் ஒவ்வொரு சொல்லையும் அவ்வப்போதே மொழிபெயர்ப்பவன். எசமான் ஒரே வாக்கியத்தை ஆயிரம் தடவை சொன்னால் இவனும் ஆயிரம் தடவை அகராதியைப் புரட்டுவான். பிழை குறைவு, களைப்பு அதிகம். மற்றவன் ஒரு பந்தியை ஒருமுறை மொழிபெயர்த்து எழுதி மடியில் வைத்துக்கொள்வான். அதே பந்தி மறுபடி வரும்போது ஏட்டை எடுத்து ஒப்பிப்பான். விளையாட்டு நிரல் என்பது பெரும்பாலும் ஒரே சில பந்திகளைத் திரும்பத் திரும்பச் சுற்றுவதே ஆகையால், இரண்டாமவன் பன்மடங்கு விரைவானவன். உன் தொலைபேசியில் நீ முதலாமவனை வேலைக்கு வைத்திருக்கிறாய் என்றேன். அமைப்பில் இருந்த அந்தத் தெரிவை மாற்றினோம். கார் பாய்ந்து ஓடிற்று.

அவன் காரைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்து, “இது நான் அம்மாயிக்குச் செய்யிறதுதானே சேர்?” என்றான்.

அவனுடைய அம்மாயி, தாயைப் பெற்றவள், நெஞ்சு நோய்க்காரி. மாதந்தோறும் அரச ஆஸ்பத்திரி ஒன்றின் கிளினிக்குக்குப் போக வேண்டும். தாய் போனால் அன்றைய சம்பளம் போயிற்று. பாட்டிக்குச் சிங்களத்தில் பேர் சொல்லத் தெரியும், கடைக்காரரிடம் விலை கேட்கத் தெரியும். அதற்கு மேல் இல்லை. ஆகவே ஆறாம் வகுப்பிலிருந்து இவனே துணைக்குப் போகிறான். வைத்தியர் நல்லவர், பொறுமைசாலி என்கிறான். “கொஹெத ரிதென்னே?” என்று அவர் கேட்பார். பாட்டி, “நெஞ்சக் கரிக்குது, பெறவு அடைக்குது, ராவுல படபடன்னு வருது” என்பாள். கரிப்பது வேறு, அடைப்பது வேறு, படபடப்பது வேறு என்று வைத்தியத்துக்குத் தெரியும். பன்னிரண்டு வயதுப் பையனின் சிங்களத்துக்குத் தெரியாது. மூன்றையும் சேர்த்து ‘பபுவ ரிதெனவா’, நெஞ்சு வலிக்கிறது, என்று சொல்லிவிடுவானாம். உடனே எல்லாரும் பரபரத்து நெஞ்சில் கம்பி ஒட்டிப் பார்ப்பார்களாம். இரண்டு தடவை அவ்வாறு நடந்த பின்னர் அவன் ஒரு வழி கண்டுபிடித்தான். முதல் நாள் இரவே பாட்டியிடம் எல்லாவற்றையும் கேட்டு, அயலூர்ச் சிங்கள நண்பனிடம் சரியான சொற்களைக் கேட்டறிந்து, ஒரு தாளில் எழுதி வைத்துக்கொள்வான். பாட்டி புதிதாக எதையும் சொல்லாத வரைக்கும் அந்தத் தாள் போதும்.

மடியில் ஏடு வைத்திருக்கும் துபாஷியைப் பற்றி நான் அவனுக்குச் சொல்லிக் கொடுத்ததாக எண்ணியிருந்தேன். அந்த உத்தியோகத்தில் அவனுக்கு நாலு வருட அனுபவம் இருந்தது.

1956இல் தனிச் சிங்களச் சட்டம் வந்தது. 1987இல் பதின்மூன்றாம் திருத்தம் தமிழும் ஆட்சிமொழியாகும் என்றது. சட்டப் புத்தகத்தில் அரநாயக்கவின் கிழவிக்குத் தன் மொழியில் நோய் சொல்லும் உரிமை உண்டு. அந்த உரிமை நடைமுறையில் ஒரு பிள்ளையின் தோளில் இறக்கி வைக்கப்பட்டிருக்கிறது. துபாஷி ஒருவனைச் சம்பளத்துக்கு அமர்த்த வேண்டிய அரசு, சம்பளமில்லாத ஒருவன் இருக்கக் கண்டு வாளாவிருக்கிறது. பழைய இயந்திரம் தன் பாஷையில் தானே செய்யும்போது ஒரு பங்கு சக்தி செலவாகும் வேலைக்கு, எமுலேட்டர் வழியே பல பங்கு செலவாகும் என்பது கணினிக்காரர் அனைவரும் அறிந்தது. எங்கள் பிள்ளைகளின் சக்தி எதில் செலவாகிறதென்று பரீட்சைப் பெறுபேறுகளை ஆராய்வோர் கணக்கெடுப்பதில்லை.

பந்தய விளையாட்டை அவன் எங்கிருந்து பெற்றான்? நகரத்துத் தொலைபேசிக் கடையொன்றில் நினைவட்டையில் ஏற்றிக் கொடுத்திருக்கின்றனர். அவனிடம் ஒளிக்காமல் சட்டத்தைச் சொன்னேன். எமுலேட்டர் எழுதுவது குற்றமன்று. சோனி நிறுவனம் கனெக்டிக்ஸ் என்னும் சிறு நிறுவனத்தை எதிர்த்துத் தொடுத்த வழக்கில் அமெரிக்க மேன்முறையீட்டு நீதிமன்றம் 2000ஆம் ஆண்டில் அளித்த தீர்ப்பு, இயந்திரத்தை ஆராய்ந்து அதற்கு ஈடானதைப் படைப்பது நியாயமே என்றது. தோற்ற சோனி மறு ஆண்டே அந்த எமுலேட்டரை விலைக்கு வாங்கி முடக்கிவிட்டது. நீதிமன்றத்தில் வெல்ல முடியாததைச் சந்தையில் வெல்வது முதலாளியத்தின் பழைய வித்தை. 2024இல் நின்டெண்டோ, தன் புதிய பெட்டிக்கு எமுலேட்டர் எழுதிய யூசு என்னும் குழுவினர் மீது வழக்கிட, 24 இலட்சம் டொலர் கொடுக்க உடன்பட்டு அவர்கள் கடையைக் கட்டினர். அதே ஆண்டு ஏப்ரலில் அப்பிள் நிறுவனம் தன் தொலைபேசிகளில் பழைய பெட்டிகளின் எமுலேட்டர்களுக்கு முதன்முறையாகக் கதவைத் திறந்தது. ஆனால் விளையாட்டை நகலெடுத்து விற்பது வேறு. இலங்கையிலும் 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் அதைத் தடுக்கிறது.

“அந்தக் கம்பனி இப்ப அத விக்கிறதே இல்லையே சேர்? வாங்கணும்னாலும் எங்க வாங்க?” என்றான் பையன்.

கேள்வி கூர்மையானது. அமெரிக்காவில் 2010க்கு முன் வெளிவந்த விளையாட்டுகளில் 87 வீதம் இன்று விலைக்குக் கிடைப்பதில்லை என்று அங்குள்ள விளையாட்டு வரலாற்று நிறுவனம் ஒன்று 2023இல் ஆராய்ந்து வெளியிட்டது. விற்கவும் மாட்டேன், பிறர் வைத்திருக்கவும் விடேன் என்று சொல்லும் உரிமை எவ்வகை உரிமை? அது படைத்தவனைக் காக்கிறதென்று கூறுவர். டெட்ரிஸ் என்னும் விளையாட்டை 1980களின் நடுவில் மொஸ்கோவில், சோவியத் விஞ்ஞானக் கழகத்தின் கணினி நிலையத்தில், அலெக்சி பஜித்னோவ் என்பவர் எலெக்ட்ரோனிக்கா 60 என்னும் கணினியில் எழுதினார். நின்டெண்டோ 1989இல் அதைத் தன் கையடக்கப் பெட்டியோடு சேர்த்து விற்றது. சோவியத் அரசின் ஏற்றுமதி நிறுவனத்துக்குப் பணம் போயிற்று. எழுதியவர் கைக்கு உரிமைப் பணம் வரத் தொடங்கியது 1996இல். அரசானாலும் கம்பனியானாலும், செய்தவன் வரிசையின் கடைசியில்தான் நிற்கிறான். நம்மவர் இதில் அமெரிக்காவை மட்டும் ஏசிவிட்டுப் போவது சரியாகாது.

இருந்தும், நகற்கடைக்காரனைப் புரட்சிக்காரனாகக் காட்டும் எழுத்து எனக்கு உவப்பானதன்று. அவனும் விற்கிறான். படம் வரைந்தவனும் இசையமைத்தவனும் தொழிலாளிகளே. அவர்கள் கூலியை நாம் பறிப்பதில் வர்க்க நியாயம் ஏதும் இல்லை. பையனுக்கு நான் காட்டியது மூன்றாவது வழி.

பிளேஸ்டேஷனுக்கு முந்திய நின்டெண்டோப் பெட்டி ஒன்று உண்டு. மூளையின் வேகம் நொடிக்கு ஏறத்தாழ 18 இலட்சம் துடிப்பு, வேலை நினைவு வெறும் 2 கிலோபைட். இன்றைய மலிவான தொலைபேசிக்கு அதன் துபாஷியாக நிற்பது விரல் நொடிக்கும் வேலை. அது ஜப்பானில் விற்பனைக்கு வந்த நாள் 1983 ஜூலை 15. அந்த மாதத்தை எழுதும்போதே எங்கள் பகுதியில் கை தயங்கும். பத்து நாள் கழியுமுன் இந்நாடு பற்றி எரிந்தது. 1977இலும் 1981இலும் அடிபட்ட சப்பிரகமுவைத் தோட்டங்களுக்கு அது மூன்றாம் அடி. தோக்கியோவின் பிள்ளைகள் அந்தச் சிவப்பு வெள்ளைப் பெட்டியைத் தொலைக்காட்சியில் பூட்டி விளையாடிய அதே நாட்களில், தேயிலைச் செடிகளுக்கிடையே குழந்தையின் வாயைப் பொத்திக்கொண்டு இரவைக் கழித்ததை அந்த அம்மாயி இன்றும் சொல்கிறாள். அந்தக் குழந்தைதான் இவனுடைய தாய்.

அந்தப் பழைய பெட்டிக்கு இன்றும் புதிதாக விளையாட்டுகள் எழுதுவோர் உளர். இலாபத்துக்கு அன்று, 2 கிலோபைட்டுக்குள் ஓர் உலகத்தை அடக்கிக் காட்டும் ஆசைக்கு. அவற்றுட் சிலவற்றை, எவரும் ஆடலாம், பிரிக்கலாம், மாற்றலாம் என்ற அனுமதியோடு மூல நிரலையும் சேர்த்து வெளியிட்டிருக்கின்றனர். ‘நோவா தி ஸ்குவிரல்’ என்னும் அணில் விளையாட்டு அவற்றில் ஒன்று. அதை இறக்கித் தந்தேன். ஒருமுறை இறக்கிய பின் சிக்னல் வேண்டாம், டேட்டா வேண்டாம், ஐந்து நிமிடத்துக்கொருமுறை பணம் கேட்கும் விளம்பரமும் இல்லை. இன்று ‘இலவசம்’ என்று சொல்லிக்கொண்டு வரும் துப்பாக்கி விளையாட்டுகள், பிள்ளை உடுத்தியிருக்கும் கற்பனைச் சட்டைக்குக்கூட உண்மைப் பணம் கறப்பவை.

ஒருநாள் அவனுடைய தாய் கொழுந்துக் கூடையோடு பாடசாலைப் படலையில் நின்றாள். “புள்ள எந்நேரமும் போனோட இருக்கான். நீங்கதான் ஏத்திக் குடுத்தீங்களாமே சேர். சாதாரண தரம் வருது. கெட்டுப் போயிருவானா?” என்றாள். அவளுக்கு எமுலேட்டரை விளக்க நான் முயலவில்லை. தங்கையின் பாடம் முடிந்த பின்னர் ஒரு மணி நேரம், அதற்கு மேல் இல்லை என்று மூவருமாகப் பேசி முடித்தோம். போகும்போது, “நாங்க சின்னப் பிள்ளையில மண்ணுல பாண்டி விளையாடினதுக்கே கங்காணி ஏசுவாரு” என்று சிரித்தாள். விளையாட்டை வெறுப்பவளின் சிரிப்பாக அது எனக்குப் படவில்லை.

இப்போது பையன் வேறொரு வேலையில் இறங்கியிருக்கிறான். அணில் விளையாட்டில் வரும் பேச்செல்லாம் ஆங்கிலம். அதைத் தமிழாக்க வேண்டுமென்கிறான். அந்தப் பெட்டியில் ஓர் எழுத்து என்பது எட்டுக்கு எட்டுப் புள்ளிகள் கொண்ட ஒரு கட்டம். படங்களுக்கும் எழுத்துகளுக்குமாக ஒரு பலகையில் 256 கட்டங்களே உண்டு. ஆங்கிலத்துக்கு 26 கட்டம் போதும். தமிழுக்கு எத்தனை வேண்டும் என்று எண்ணத் தொடங்கி, கொம்பையும் காலையும் தனிக் கட்டமாக்கினால் குறையுமென்று தானே கண்டான். உகர ஊகாரங்கள் மட்டும் மடங்க மாட்டோமென்கின்றன. என்னிடம் திருத்தக் கொடுத்த கணிதக் கொப்பியின் கடைசித் தாள்களில், சதுரங்களைப் பென்சிலால் நிரப்பி ‘அணில்’ என்று எழுதியிருக்கிறான். ‘அ’ ஒரு கட்டத்துள் அடங்கிவிட்டது, வால் சற்று ஒட்டிப்போனாலும் வாசிக்க முடிகிறது. ‘ணி’க்கு இரண்டு கட்டம் கொடுத்தும் மூன்றாவது சுழி வெளியே நிற்கிறது. அதற்கு எதிர்ப்பக்கத்தில், அடுத்த செவ்வாய்க்கிழமைக் கிளினிக்குக்கான சிங்களச் சொற்கள் தமிழெழுத்தில் வரிசையாக இருக்கின்றன.